ஒப்பாரிக்குப் பதிப்புரிமை

2019-இல் நாங்கள் ஒரு பாட்டுப் புத்தகம் போட்டோம். புத்தகம் என்று சொல்வதே கொஞ்சம் அதிகம். முப்பத்திரண்டு பக்கம், நடுவில் இரண்டு பின், மட்டத் தாள், விலை பத்து ரூபாய். ஏப்ரல் 14 அன்று எங்கள் பக்கத்தில் நடந்த கூட்டத்தில் தரையில் துணி விரித்து வைத்து விற்றோம். இயக்கப் பாட்டு பதினைந்து, நடவுப் பாட்டு நாலு, ஒப்பாரி மூன்று. மூன்று மாதம் கழித்து, புத்தகத்தின் பின்பக்கத்தில் முகவரி கொடுத்திருந்த தோழர் வீட்டுக்கு ஒரு பதிவுத்தபால் வந்தது. அந்த ஒப்பாரிகளில் இரண்டு தாங்கள் வெளியிட்ட நாட்டுப்புறப் பாடல் தொகுப்பில் இருப்பவை, அத்தொகுப்பின் முழு உரிமையும் தங்களுடையது, அனுமதியின்றி அச்சிட்டதற்கு விளக்கம் தர வேண்டும் என்று ஒரு பதிப்பகம் எழுதியிருந்தது. பதிப்பகத்தின் பெயர் இங்கே வேண்டாம். சண்டை அவர்களோடு மட்டும் இல்லை என்பது போகப்போகத் தெரியும்.

அந்த இரண்டு ஒப்பாரியும் எங்க ஆயா பாடினவை.

அவை தொகுப்புக்குள் போன வழி எனக்குத் தெரியும். வழி திறந்துவிட்டதே நான்தான். 2011-இல் எம்.ஏ. தமிழ் படிக்கும்போது ஆய்வேட்டுக்கு ஒப்பாரிப் பாடல்களை எடுத்துக்கொண்டேன். ஆயாவை உட்கார வைத்து செல்போனில் பதிவு செய்தேன். 'சாவு இல்லாத வூட்ல ஒப்பாரி வெக்கக் கூடாது கண்ணு' என்று அவள் தயங்க, களத்துமேட்டுக்குக் கூட்டிப்போய்ப் பாட வைத்தேன். பிறகு திரும்பத் திரும்பப் போட்டுக் கேட்டு நோட்டில் எழுதினேன். ஆய்வேட்டின் முன் அட்டையில் என் பெயர், கீழே நெறியாளர் பெயர். கடைசியில் பின்னிணைப்பாக 'தகவலாளர் பட்டியல்'. பெயர், வயது, சாதி, தொழில், கல்வி என்று ஐந்து கட்டம். ஆயாவின் பெயருக்கு நேராகத் தொழில் என்ற இடத்தில் 'கூலி', கல்வி என்ற இடத்தில் 'இல்லை' என்று எழுதினேன். அவளைக் கேட்டுக்கொண்டு எழுதவில்லை. ஒரு படி துறை நூலகத்துக்குப் போனது. அங்கேயிருந்து யார் கையிலோ ஏறி, சில வருடங்களில் தொகுப்பாகிவிட்டது. அதில் அந்த ஐந்து கட்டம்கூட இல்லை. பாட்டின் கீழே 'விழுப்புரம் வட்டாரம்' என்று மட்டும் இருந்தது. ஆயா ஒரு வட்டாரமாகிவிட்டாள்.

கடிதத்துக்குப் பதில் எழுத உட்கார்ந்தபோதுதான் இந்தச் சட்டத்தின் கதையைப் படிக்க ஆரம்பித்தேன்.

முதலில் அந்தச் சொல்லையே பாருங்கள். பதிப்புரிமை. பதிப்பதற்கான உரிமை. ஆக்கியவர் அந்தச் சொல்லுக்குள் இல்லை. ஆங்கிலச் சொல்லும் படியெடுக்கும் உரிமை என்றுதான் சொல்கிறது. சொல் பொய் சொல்லவில்லை. லண்டனில் 1557-இல் அரச சாசனம் பெற்ற ஸ்டேஷனர்ஸ் கம்பெனி என்ற புத்தக வணிகர் சங்கத்தின் பிடியில்தான் அச்சுத்தொழில் இருந்தது. ஒரு நூலை யார் தம் பெயரில் சங்கத்தின் பதிவேட்டில் ஏற்றிக்கொண்டாரோ அவருக்கே அதை அச்சிடும் உரிமை. எழுதினவர் ஒரு தொகையை வாங்கிக்கொண்டு போய்விட வேண்டியதுதான். இந்தப் பிடிக்கு ஆதாரமாக இருந்த உரிமச் சட்டம் 1695-இல் காலாவதியானது. யார் வேண்டுமானாலும் அச்சடிக்கலாம் என்று ஆனதும்தான் வணிகர்களுக்கு எழுத்தாளர்கள்மேல் கருணை பிறந்தது. ஐயோ, எழுதுகிறவர் குடும்பம் நடுத்தெருவுக்கு வருகிறதே என்று பாராளுமன்றத்தில் மனுப் போட்டார்கள். 1710-இல் வந்த ஆனி அரசியின் சட்டம், நூலுக்கு உரியவர் ஆசிரியர் என்று முதன்முறையாக எழுதியது. புதிய நூலுக்கு 14 வருடம்; அதன் முடிவில் ஆசிரியர் உயிரோடிருந்தால் இன்னொரு 14.

ஆசிரியர் என்பவர் சட்டத்துக்குள் வந்தது இப்படி, வியாபாரிக்கு முன்னால் நிறுத்திய கேடயமாக. 1774-இல் பிரபுக்கள் சபை வரை போன டொனால்ட்சன் வழக்கிலும் அதே கதைதான். ஜேம்ஸ் தாம்சன் என்ற கவிஞரின் நூலை எடின்பரோ புத்தகக்காரர் டொனால்ட்சன் மலிவு விலையில் போட, லண்டன் புத்தகக்காரர் பெக்கெட் தடுக்க, ஆசிரியரின் இயற்கை உரிமை என்ன என்று பெரிய பெரிய நீதிபதிகள் வாதம் செய்தார்கள். தாம்சன் செத்து அப்போது 26 வருடம் ஆகியிருந்தது. உரிமை நிரந்தரமில்லை, சட்டம் சொன்ன காலம் வரைதான் என்று தீர்ப்பானது. அந்த வகையில் அது நல்ல தீர்ப்பு.

என்னைத் தூங்கவிடாமல் செய்தது வேறொரு வழக்கு. 1900-ஆம் வருடத்தியது. ரோஸ்பரி பிரபு இங்கிலாந்தின் பிரதமராக இருந்து இறங்கியவர், மேடைகளில் பேசுகிறவர். டைம்ஸ் பத்திரிகையின் நிருபர்கள் அவர் பேச்சைச் சுருக்கெழுத்தில் குறித்து, விரித்தெழுதி வெளியிட்டார்கள். ஜான் லேன் என்ற பதிப்பாளர் பத்திரிகையில் வந்த அந்தப் பேச்சுகளைத் தொகுத்துப் புத்தகமாகப் போட்டார். டைம்ஸ்காரர்கள் வழக்குப் போட்டார்கள். ரோஸ்பரி எனக்கு ஒரு உரிமையும் வேண்டாமென்று ஒதுங்கிவிட்டார். பிரபுக்கள் சபை தீர்ப்புச் சொன்னது: குறித்து எழுதிய நிருபரே அந்த எழுத்தின் ஆசிரியர், அவர் உழைப்பும் திறமையும் அதில் இருக்கின்றன. ஒரே ஒரு நீதிபதி மட்டும் ஒப்பவில்லை.

அதாவது வாயிலிருந்து வரும்வரை அது யாருடையதும் இல்லை. தாளில் யார் இறக்குகிறாரோ அவரே ஆசிரியர்.

ரோஸ்பரிக்கு இதனால் ஒரு நட்டமும் இல்லை. அவர் வேண்டுமானால் மறுநாளே தம் பேச்சைத் தாமே எழுதிக்கொள்ளலாம். பேனா பிடிக்கத் தெரிந்தவர். எழுத்தே மறுக்கப்பட்ட ஒரு கூட்டத்தின்மேல் இந்தத் தத்துவத்தைக் கொண்டுவந்து வைத்துப் பாருங்கள். பள்ளிக்கூடத்துத் திண்ணையில் ஏறவிடாமல் அடித்து விரட்டினவர்களின் பிள்ளைகள், இரண்டு தலைமுறை கழித்து நோட்டும் பேனாவுமாகச் சேரிக்கு வந்து, நீங்கள் பாடுங்கள், நாங்கள் எழுதிக்கொள்கிறோம் என்கிறார்கள். எழுதியவருக்கு உரிமை. நியாயமாகத்தானே இருக்கிறது! (அவர்கள் மட்டுமா? நானும் அதே நோட்டோடுதான் போனேன்.)

இந்தியாவுக்கு இந்தச் சட்டம் வந்தது கம்பெனி ஆட்சியில். 1847-ஆம் வருடத்து 20-வது ஆக்ட்டு. பிறகு இங்கிலாந்தின் 1911 சட்டத்தை ஒட்டி 1914-இல் ஒன்று. சுதந்திர இந்தியாவின் சொந்தச் சட்டம் 1957-இல் நிறைவேறி, 1958 ஜனவரியில் நடைமுறைக்கு வந்தது. அந்த 1957 சட்டத்தில் 'இசை ஆக்கம்' என்பதற்குக் கொடுத்திருந்த விளக்கத்தை நான் மூன்று தடவை படித்தேன். அச்சிட்டதாகவோ எழுத்தில் இறக்கியதாகவோ, வேறு வகையில் வரைந்து காட்டியதாகவோ இருந்தால்தான் அது இசை. மற்றதெல்லாம் சட்டத்தின் காதில் விழாது. ஊரில் சாவு விழுந்தால் அடிக்கும் அடி வேறு, கலியாணத்துக்கு அடிப்பது வேறு, சாமிக்கு அடிப்பது வேறு. பத்து வயதுப் பையன்கூடத் தூரத்தில் கேட்டே என்ன சேதி என்று சொல்லிவிடுவான். இதில் எதுவும் சுதந்திர இந்தியாவின் சட்டப்படி இசை இல்லை. 37 வருடம், 1994-இல் திருத்தம் வரும்வரை, இப்படியே இருந்தது.

இதை உச்ச நீதிமன்றத்திலேயே ஒருவர் சுட்டிக்காட்டினார். 1977-இல் இசையமைப்பாளர், பாடலாசிரியர் சங்கத்துக்கும் படத் தயாரிப்பாளர்களுக்கும் நடந்த வழக்கு. காசு கொடுத்து ஆக்கச் சொன்ன தயாரிப்பாளரே பாட்டுக்கு முதல் உரிமையாளர் என்று தீர்ப்பானது. அதோடு நீதிபதி கிருஷ்ணய்யர் தனியாக ஒரு குறிப்பு எழுதினார். தாளில் இறக்கிய மெட்டுக்கு உரிமை உண்டு, பாடகருக்கு ஒன்றும் இல்லை என்கிற இந்தச் சட்டம் இந்திய மண்ணுக்கு ஒட்டாதது; இங்கே ஜனங்கள் மயங்குவது பாடுகிறவரின் பாட்டில், பாராளுமன்றம் இதைக் கவனிக்க வேண்டும் என்பது அதன் சாரம். நல்ல மனசு. ஆனால் அவர் உதாரணத்துக்கு எடுத்த சொற்கள் ராகம், பாவம், நாதப்பிரம்மம். கச்சேரி மேடையிலிருந்து அவர் கண் இறங்கவில்லை. இறங்கியிருந்தால், எழுத்து இல்லாததால் உரிமை இல்லை என்பது ஒரு பாகவதரின் குறை மட்டும்தானா என்று கேட்டிருப்பார்.

1994 திருத்தம் இசைக்கு எழுத்து வேண்டும் என்ற நிபந்தனையை எடுத்துவிட்டது. நிகழ்த்துகிறவருக்கும் முதன்முறையாக ஒரு உரிமை கொடுத்தது. நிகழ்த்துகிறவர் யார் யார் என்ற பட்டியலில் நடிகர், பாடகரோடு கழைக்கூத்தாடி, செப்பிடுவித்தைக்காரர், பாம்பாட்டி எல்லாரும் வருகிறார்கள். படித்தபோது சந்தோஷமாகத்தான் இருந்தது. அந்த உரிமைக்குக் கொடுத்த காலம் 25 வருடம், 1999 திருத்தத்தால் 50 ஆனது. 2012-இல் பெயர் சொல்லப்படும் உரிமையும் சேர்ந்தது. சரி, இதையெல்லாம் எங்க ஆயாவுக்குப் பொருத்திப் பார்த்தேன். செல்போனில் இருக்கும் அவள் குரலின்மேல், நிகழ்த்தியவர் என்ற முறையில் அவளுக்கு உரிமை உண்டு. ஒலிப்பதிவுக்கு 'ஆசிரியர்' அதன் தயாரிப்பாளர், அதாவது பதிவு செய்ய முன்கை எடுத்தவர் என்கிறது சட்டம். ஆகவே பதிவின் ஆசிரியர் நான். குரலை நான் தாளில் இறக்கிவிட்ட பிறகு, நிகழ்த்தியவரின் உரிமை அந்தத் தாள்வரைக்கும் வராது. 1983-இல் ஒரு திருத்தம் வந்து, பொது இடத்தில் பேசிய பேச்சுக்குப் பேசியவரே முதல் உரிமையாளர் என்று ஆக்கியிருக்கிறது. ரோஸ்பரிகளின் குறை தீர்ந்தது. எழவு வீட்டில் மார்பில் அடித்துக்கொண்டு பாடுவதைப் பேச்சு என்று எந்த வக்கீலிடம் போய்ச் சொல்வது?

அச்சு வருமுன் நம்மிடம் இந்த வம்பெல்லாம் இல்லை, பாட்டு எல்லாருக்கும் பொதுவாக இருந்தது என்று சில நண்பர்கள் சொல்வார்கள். எனக்கு அந்தப் பெருமூச்சு பிடிக்காது. நன்னூல் பாயிரத்துக்கு இலக்கணம் சொல்லும்போது ஆக்கியோன் பெயரைத்தான் முதலில் வைக்கிறது. சங்கப் பாட்டில் புலவர் பெயர் தெரியாமல் போனால், பாட்டிலுள்ள தொடரை எடுத்தே பெயராக வைத்தார்கள்; செம்புலப்பெயனீரார் அப்படி வந்தவர். பெயர் வேண்டும் என்ற ஆசை பழையதுதான். ஏட்டில் ஏறியவருக்கு மட்டும் அது கிடைத்தது.

ஏட்டை வைத்திருந்தவருக்கும் அது கிடைக்காமல் போனதுண்டு. அயோத்திதாசப் பண்டிதர் தம்முடைய 'தமிழன்' பத்திரிகையில் ஒரு சேதி எழுதினார். அவருடைய பாட்டனார் கந்தப்பன், ஆரிங்டன் துரையிடம் பட்லராக இருந்தவர். அவர் வைத்திருந்த திருக்குறள் ஏட்டுச்சுவடி துரை வழியாக எல்லிஸ் துரைக்குப் போய், பிறகு அச்சுக்கு வந்தது என்பது அந்தச் சேதி. 1812-இல் அச்சான திருக்குறள் மூலபாடத்தின் முகப்பில் அச்சிட்ட தஞ்சை ஞானப்பிரகாசனின் பெயர் இருக்கிறது, அவர் தகப்பனார் மலையப்ப பிள்ளையின் பெயர் இருக்கிறது. கந்தப்பனைக் காணோம். பட்லர் வீட்டில் குறள் இருந்தது என்பதே பலருக்கு நம்ப முடியாத சேதியாக இருந்தது.

அயோத்திதாசரின் எழுத்துக்கே என்ன ஆனது? காத்தவராயன் என்ற இயற்பெயரை விட்டு, தமக்குக் கல்வி கொடுத்த ஆசிரியரின் பெயரையே தம் பெயராக வைத்துக்கொண்டவர் அவர். ஆசிரியர் என்ற சொல்லுக்கு இரண்டு பொருளும் ஒன்றாக நின்ற இடம் அது. 1907 ஜூன் 19-இல் 'ஒரு பைசாத் தமிழன்' தொடங்கி, 1914 மே 5-இல் சாகும்வரை வாராவாரம் எழுதினார். கோலார் தங்கவயலின் சித்தார்த்தா புத்தகசாலையினர் அவர் எழுத்துகள் சிலவற்றை நூலாகப் போட்டுக் காத்தார்கள். அதற்கப்புறம் நீண்ட மௌனம். 1914 சட்டப்படி பார்த்தால் அவருடைய பதிப்புரிமை 1964-இல் முடிந்தது. உரிமை முடிந்தும் ஒருவரும் திருடக்கூட வரவில்லை. 1999-இல் ஞான. அலாய்சியஸ் தொகுத்து, பாளையங்கோட்டை நாட்டார் வழக்காற்றியல் ஆய்வு மையம் இரண்டு தொகுதிகளாகக் கொண்டுவந்த பிறகுதான் தமிழ் படித்தவர்கள் பலருக்கு இப்படி ஒருவர் இருந்ததே தெரிந்தது. பதிப்புரிமைச் சட்டம் எழுத்தைத் திருட்டிலிருந்து காக்கும். கண்டுகொள்ளாமல் விடுவதிலிருந்து காக்க அதில் பிரிவு கிடையாது.

பாரதி விஷயம் எல்லாரும் அறிந்தது, சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். அவர் பாடல்களின் ஒலிப்பதிவு, ஒலிபரப்பு உரிமைகளை விலைக்கு வாங்கி வைத்திருந்த ஏவி. மெய்யப்பச் செட்டியார், 'பில்ஹணன்' படத்தில் பாரதி பாட்டைப் பயன்படுத்திய டி.கே.எஸ். சகோதரர்கள்மேல் வழக்குக்குப் போக, பாரதி யாருடைய சொத்து என்ற கிளர்ச்சி எழுந்து, 1949-இல் சென்னை அரசு உரிமையை வாங்கி, பிறகு நாட்டுக்குப் பொதுவாக்கியது. உலகத்தில் இப்படி நடந்தது அபூர்வம். ஆ. இரா. வேங்கடாசலபதி அதைப் பற்றி ஒரு முழு நூலே எழுதியிருக்கிறார். ஒரு கவிஞனை மக்களுக்கு விட வேண்டும் என்று ஊரே கூடிக் கேட்டது பெரிய காரியம்தான். அம்பேத்கரை விடுங்கள் என்று எந்த ஊர் கூடிக் கேட்டது என்பதையும் நாம் பார்க்க வேண்டும்.

1936 மே மாதம் லாகூரில் சாதி ஒழிப்புச் சங்கம் ஒன்றின் மாநாட்டுக்குத் தலைமை தாங்க அம்பேத்கரை அழைத்தார்கள். எழுதிய உரையைப் பார்த்ததும் பயந்துபோனார்கள். வேதத்தைப் பற்றியும் இந்து மதத்தை விட்டு வெளியேறுவது பற்றியும் இருக்கும் பகுதிகளை எடுத்துவிடக் கேட்டார்கள். ஒரு காற்புள்ளியைக்கூட மாற்ற மாட்டேன் என்று அவர் பதில் எழுதினார். மாநாடு நடக்கவில்லை. பேசாத பேச்சை அவரே அச்சிட்டு வெளியிட்டார். 1500 படி இரண்டு மாதத்தில் தீர்ந்தது. மறு வருடம் இரண்டாம் பதிப்பு வருமுன்பே குஜராத்தியிலும் தமிழிலும் வந்துவிட்டது. தமிழில் கொண்டுவந்தது பெரியாரின் இயக்கம். அந்த நூலை எடுத்துப் பாருங்கள். தமக்கு வந்த கடிதங்களையும் தாம் எழுதிய பதிலையும் முன்னால் வைத்திருக்கிறார். பின் பதிப்பில் காந்தியின் மறுப்பையும் அதற்குத் தம் பதிலையும் சேர்க்கிறார். எதிராளியின் சொல்லும் உள்ளே இருக்கிறது. ஆசிரியர் என்றால், இந்தச் சொல்லுக்கு நான் பொறுப்பு, யார் கேட்டாலும் நான் நின்று பதில் சொல்வேன் என்பது. அடுத்தவன் அச்சடிக்கக் கூடாது என்று வேலி போடுவதைவிட இது எனக்கு முக்கியமாகப் படுகிறது.

அவர் 1956 டிசம்பர் 6-இல் மறைந்தார். அச்சேறாத கையெழுத்துப் படிகள் பெட்டிகளில், நீதிமன்றப் பொறுப்பிலும் அரசு அதிகாரியின் பொறுப்பிலுமாகப் பல வருடம் கிடந்தன. 1979-இல்தான் மகாராஷ்டிர அரசு, வசந்த் மூனைப் பதிப்பாசிரியராகக் கொண்டு, முதல் தொகுதியை வெளியிட்டது. 1987-இல் 'இந்துமதப் புதிர்கள்' அடங்கிய நான்காம் தொகுதி வந்ததும் ராமன், கிருஷ்ணன் பற்றிய பகுதியை நீக்கச் சொல்லி சிவசேனை கிளம்பியது. பதிலுக்கு தலித் மக்கள் பம்பாயில் லட்சக்கணக்கில் திரண்டார்கள். கடைசியில் பகுதி தப்பியது. அக்கருத்தோடு அரசு உடன்படவில்லை என்ற அடிக்குறிப்போடு. ஆசிரியர் ஒருவர், வெளியிடும் உரிமை இன்னொருவர் கையில் என்றால் என்ன ஆகும் என்பதற்கு இந்த அடிக்குறிப்பைவிட வேறு சாட்சி வேண்டாம்.

இன்னொரு கணக்கும் இருக்கிறது. 1957 சட்டப்படி ஆசிரியர் மறைந்து 50 வருடம்வரை உரிமை. தாகூர் மறைந்தது 1941-இல். 1991-ஓடு விஸ்வபாரதியின் உரிமை முடியப்போகிறது என்றதும் சட்டத்தைத் திருத்தி 60 வருடமாக்கினார்கள். தாகூருக்காக நீட்டிய அந்தப் பத்து வருடம் எல்லார்மேலும் விழுந்தது. 2006 முடிவில் பொதுவாகியிருக்க வேண்டிய அம்பேத்கரின் நூல்கள் 2016 முடியும்வரை காத்திருந்தன. இதுவும் அவர் உயிரோடிருந்தபோது அச்சான நூல்களுக்கு மட்டும். மறைவுக்குப் பின் முதன்முறை வெளிவரும் நூலுக்கு வெளியான வருடத்திலிருந்து 60 என்கிறது 24-ஆம் பிரிவு. அப்படியானால் 'புதிர்கள்' 2047 முடியும்வரை கட்டிலேயே இருக்கும். முப்பது வருடம் பெட்டியில் கிடந்ததற்குத் தண்டனையாக இன்னும் அறுபது வருடம்!

இதற்கிடையில், 90-களில் நமது சிறுபத்திரிகைகளில் ஆசிரியன் செத்துவிட்டான் என்று அறிவித்தார்கள். பார்த்தும் ஃபூக்கோவும் 1960-களின் கடைசியில் சொன்னதன் தமிழ் வரவு. நான் அவற்றைப் பிறகு பழைய இதழ்க் கட்டுகளில் படித்தேன். ஃபூக்கோ சொன்னதில் ஒன்று சரிதான்: எழுதியவரைத் தண்டிக்க வேண்டி வந்தபோதுதான் நூலுக்கு ஆசிரியர் பெயர் அவசியமாயிற்று. இங்கே 1867-ஆம் வருடத்து அச்சகச் சட்டம், எந்தப் புத்தகமானாலும் அச்சிட்டவர் பெயரும் இடமும் அதில் இருக்க வேண்டும் என்றது. 2023-இல் புதுச் சட்டம் வரும்வரை அது இருந்தது. ஆனால் ஆசிரியன் செத்தான் என்ற அறிவிப்பு பாமாவின் 'கருக்கு' 1992-இல் வந்த அதே காலத்தில் வந்தது என்பதை மறக்க முடியுமா? எங்க வீட்டில் குழந்தை பிறந்த அன்றைக்கு எதிர்வீட்டில் சங்கு ஊதின மாதிரி.

பெயர் என்பது இன்றைக்கும் எவ்வளவு கெட்டியான விஷயம் என்பதை 2021-இல் பார்த்தோம். 'எஞ்சாயி எஞ்சாமி' பாட்டை அறிவு எழுதி, தீயோடு சேர்ந்து பாடினார். தேயிலைத் தோட்டத்தில் உழைத்த தம் பாட்டி வள்ளியம்மாளிடம் கேட்ட கதைகளிலிருந்து வந்த பாட்டு அது. அந்த வருடம் ஆகஸ்டில் ரோலிங் ஸ்டோன் இந்தியா இதழ் அந்தப் பாட்டையும் இன்னொரு பாட்டையும் முன்னிட்டு அட்டைப்படம் போட்டபோது அதில் அறிவு இல்லை. இயக்குநர் பா. இரஞ்சித் உள்படப் பலரும் கேட்ட பிறகு அறிவின் படத்தோடு இன்னொரு அட்டை வந்தது. 2022 ஜூலையில் சென்னை செஸ் ஒலிம்பியாட் தொடக்க விழாவில் அவர் இல்லாமலே பாட்டு மேடையேறியது. எழுதியதும் மெட்டமைத்ததும் தானே என்று அறிவு சொல்ல, இசையமைப்பாளர் சந்தோஷ் நாராயணன் அது கூட்டு உழைப்பு என்று தம் பக்கத்தைச் சொன்னார். அந்தக் கணக்கைத் தீர்க்க நான் யாருமில்லை. கோடிக்கணக்கானவர்கள் கேட்ட பாட்டிலேயே பெயரைப் பிடித்துவைக்க இவ்வளவு பாடு என்றால், களத்துமேட்டில் பாடினவள் கதி என்ன என்றுதான் அப்போது நினைத்தேன்.

கடிதத்துக்கு வருகிறேன். நாங்கள் எடுத்துப் போட்டதற்கு ஆதாரமாக அவர்கள் ஒரு வரியைக் காட்டியிருந்தார்கள். காலன் மரக்காலில் உயிரை அளந்து எடுத்துப் போகிறான் என்று வரும் இடம். அவர்கள் தொகுப்பின் முன்னுரையிலும் அந்த வரிக்குத் தனிப் பாராட்டு இருந்தது. எழுத்தறியா மக்களின் கற்பனை வளம் என்று எழுதியிருந்தார்கள்.

ஆயா அப்படிப் பாடவில்லை. அது அவள் தம்பி செத்தபோது வைத்த ஒப்பாரி. அவர் ஒரு ஆண்டை வீட்டில் படியாளாக இருந்தவர். ஒப்பாரிக்கு ஒரு பொது மெட்டு உண்டு, தொடக்கமும் முடிவும் ஏறக்குறைய ஒன்றுபோல இருக்கும். நடுவில் செத்தவருடைய கதையை அங்கேயே கட்டி நுழைப்பார்கள். கூலி நெல் அளந்த மரக்காலின் அடியில் ஆண்டை துணி வைத்து அளந்ததை, ஆண்டையின் பெயரைச் சொல்லியே ஆயா பாடியிருந்தாள். ஆய்வேட்டில் ஒருத்தர் பெயர் வந்தால் பிரச்சினை, பொதுவாக வையுங்கள் என்று எனக்குச் சொன்னார்கள். நான் ஆண்டையை எடுத்துவிட்டுக் காலனை வைத்தேன். நெல்லை எடுத்துவிட்டு உயிரை வைத்தேன். சீர் சரியாக இருந்தது. பாட்டுப் புத்தகம் போடும்போதும் என் பழைய நோட்டிலிருந்து அப்படியே கொடுத்துவிட்டேன். எட்டு வருடத்தில் நான் செய்த திருத்தம் எனக்கே மறந்துபோயிருந்தது.

ஆயாவிடம் போய்ப் புத்தகத்தை வைத்துக்கொண்டு படித்துக் காட்டினேன். கேட்டுக்கொண்டே வந்தவள் அந்த இடத்தில் நிமிர்ந்தாள்.

'காலனா? யாரு சொன்னா காலன்னு? எமனா வந்து துணி வெச்சி அளந்தான்?'

நான் விஷயத்தைச் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசவில்லை.

'அப்ப அது எம்பாட்டு இல்ல கண்ணு. அவங்களே வெச்சிக்கட்டும்.'

மறுபடி அச்சடிக்கலாம், சரியாகப் பாடு, இந்தத் தடவை உன் பெயரைப் போடுகிறேன் என்றேன். 'எம்பேரு எதுக்கு? ஆண்டை வூட்டு எழவுக்கெல்லாம் போயி ஒப்பாரி வெச்சவன்னு ஊரு சிரிக்கவா? பேத்திக்கு மாப்ள பாக்கறாங்க' என்றாள். எங்கள் தோழர்களில் பெரியவர்கள் சிலர், ஆண்டை வீட்டு எழவுக்குப் பறையும் ஒப்பாரியும் மறுக்கச் சொல்லிப் போராடியவர்கள். இந்தப் பாட்டுகளை அச்சடிப்பதே தப்பு என்று இன்றைக்கும் சொல்வார்கள். அவர்களிடம் என்னிடம் முழுப் பதில் இல்லை. அப்புறம் ஆயாவே சொன்னாள்: 'பேரு போட்டே ஆவணும்னா எந்தம்பி பேரப் போடு. அவனுக்குத்தான பாடனது. ஆண்டை பேரயும் போடு.'

அதே பாட்டு திரும்ப வரவில்லை. தம்பிக்கு வைத்ததை இன்னொரு தடவை வைக்க முடியாது என்றாள். மரக்கால் கதையை மட்டும் வேறு சொல்லில், உட்கார்ந்த இடத்தில் பாடிக்கொடுத்தாள். பதிப்பகத்துக்குப் பதில் எழுதினோம். நீங்கள் சுட்டிய வரி ஒப்பாரி அல்ல, அது இன்னார் ஆய்வேட்டில் பொய்யாகச் சேர்த்தது, ஆகவே எங்கள் அடுத்த பதிப்பில் நீக்கிவிட்டோம், நீங்களும் முன்னுரையைத் திருத்திக்கொள்ளவும் என்று என் பெயரில் கையெழுத்துப் போட்டேன். பதில் வரவில்லை.

இரண்டாம் பதிப்பு 500 படி. பாட்டின் மேலே இரண்டு பெயர், அவள் சொன்னபடி. அடுத்த கூட்டத்தில் ஊர்ப்பக்கத்திலிருந்து ஒருவர் பைக்கில் வந்தார். புரட்டிப் பார்த்தார், ஒன்றும் கேட்கவில்லை. துணியில் இருந்த அறுபது படியையும் மொத்தமாக வாங்கி ஒரு பையில் போட்டுக்கொண்டு போனார். அறுநூறு ரூபாய். அதைக் கொண்டுபோய் அச்சகத்தில் கொடுத்து இன்னும் கொஞ்சம் அடிக்கச் சொன்னோம்.